மூன்றாம் பக்கம், நாலாவது வரி: பேர்லினில் படம் காட்டும் நம்மவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மாதம் ஒரு சனிக்கிழமை ஜேர்மன் படம் ஒன்றைத் தமிழ் விளக்கத்தோடு காட்டிவரும் தம்பிமாருக்கும் தங்கச்சிமாருக்கும்,

ஜேர்மன் சினிமாவில் பெண்கள் பற்றி நீங்கள் அச்சிடப்போகும் கையேட்டின் இறுதிப் பிரதி எனக்கும் வந்தது. 48 பக்கம். மூன்றாம் பக்கம், நாலாவது வரியில் தபேயா புளூமென்ஷைன் வருகிறார்: இயக்குநர் உல்ரிக்கே ஒட்டிங்கரின் படங்களுக்கு உந்துதலாக இருந்த அழகி, எழுத்தாளர் பட்ரீசியா ஹைஸ்மித்தின் காதலி. அந்த வரி முடிய அவரும் முடிந்துவிட்டார். மிச்சம் 45 பக்கத்தில் அவருடைய பெயர் ஒரு இடத்திலும் இல்லை.

கைதவறி விடுபட்டிருக்கும் என்று நினைத்துத்தான் உங்களுக்கு எழுதினேன். வந்த பதிலைப் பார்த்த பிறகுதான் தெரிந்துதான் விட்டிருக்கிறீர்கள் என்று விளங்கியது. கையேடு இயக்குநர்களைப் பற்றியது, நடிகைகளைச் சேர்க்க வெளிக்கிட்டால் முடிவிராது, இடமில்லை, உடுப்பு விஷயங்களைப் பிறகொரு நாள் பார்க்கலாம் என்று எழுதியிருந்தீர்கள். அதே கையேட்டில் மார்லின டீட்ரிஷுக்கு இரண்டு பக்கமும் ஒரு முழுப்பக்கப் படமும் கொடுத்திருக்கிறீர்கள். அவர் எந்தப் படத்தை இயக்கினார்? ஆகவே நடிகை என்பது உங்களுக்கு இடைஞ்சல் இல்லை. உடுப்பு என்பதுதான் இடைஞ்சல். அதைப் பற்றித்தான் இந்த மடல்.

உங்களுக்கு என்னைத் தெரியும். இதை வாசிக்கும் மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். 1985 தொடக்கத்தில் கிழக்குப் பேர்லினின் ஷோனஃபெல்ட் விமான நிலையத்தில் இறங்கி, ஃபிரீட்றிக்ஸ்ட்றாஸ ரயில் நிலையத்தால் மேற்குப் பக்கம் வந்து சேர்ந்தவள் நான். அந்த வருடம் நடுவிலேயே எங்கள் ஆட்களுக்கு அந்த வழி அடைபட்டுவிட்டது. முதல் 11 வருடம் உடுப்புத் திருத்தும் கடையொன்றில் களிசான் கால் மடித்தேன், சிப் மாற்றினேன். அதற்குப் பிறகு 19 வருடம் ஒரு நாடக அரங்கின் உடுப்பறையில் வேலை. மேடைக்குப் பின்னால் இருட்டில் சின்ன டோர்ச் லைட்டை வாயில் கவ்விக்கொண்டு, 40 செக்கனில் ஒரு அரசியைப் பிச்சைக்காரியாக்கி அனுப்புகிற வேலை. சினிமா விமர்சனம் எனக்கு வராது. ஒரு உடுப்பு எங்கே பாரத்தைத் தாங்குகிறது, எங்கே பொய் சொல்கிறது என்று கேட்டால் சொல்வேன்.

போன மாதம் நீங்கள் காட்டிய படத்தில் இருந்தே தொடங்குகிறேன். 1979 இல் வந்த ஒட்டிங்கரின் படம் அது. ஜேர்மன் தலைப்பைத் தமிழில் சொன்னால் 'குடிகாரி ஒருத்தியின் உருவப்படம்'. பணக்காரப் பெண் ஒருத்தி பேர்லின் டேகல் விமான நிலையத்துக்கு ஒருவழி டிக்கெட் வாங்குகிறாள். குடித்தே சாவதற்காக வருகிறாள். அவளுக்குப் பெயர் இல்லை, கடந்த காலம் இல்லை. ஒரு மணித்தியாலம் முக்கால் ஓடும் படத்தில் அவள் ஏறக்குறைய வாய் திறப்பதே இல்லை. அவளாக நடித்தவர் தபேயா. அந்தப் படத்தின் உடுப்புகளைத் திட்டமிட்டவரும் அவர்தான். படத்தின் எழுத்துக்குறிப்பில் 'கொஸ்ட்யூமே', அதாவது உடுப்பு, என்று போட்டு அவருடைய பெயர் வருகிறது. நீங்கள் திரையில் ஓடவிட்ட தமிழ் வசனத்தில் அந்த ஒரு வரியை மட்டும் மொழிபெயர்க்காமல் விட்டிருந்தீர்கள். கமரா, இசை, படத்தொகுப்பு எல்லாம் தமிழில் வந்தன. உடுப்பு வரவில்லை. கடைசி வரிசையில் இருந்தாலும் இதெல்லாம் என் கண்ணில் படும்.

யோசித்துப் பாருங்கள். ஒரு நடிகைக்கு வசனம் இல்லை. அவளுக்குள் என்ன நடக்கிறது என்று நாங்கள் எதை வைத்துத் தெரிந்துகொள்வது? முகம் பாதி சொல்கிறது. மீதியைச் சொல்வது உடுப்பு. படத்தின் தொடக்கத்தில் முகத்துக்கு முன்பு துணிதான் வருகிறது, கூடவே குதிச் சப்பாத்தின் சத்தம். தலை முதல் கால் வரை சிவப்பு. அந்தத் துணி நடைக்கு ஏற்ப விரிந்து மடிகிற விதத்தைப் பார்த்தவுடன் என் கை மடியில் தானாக அசைந்தது. இப்படி விழ வேண்டுமென்றால் துணியைச் சரிவாக வெட்டியிருக்க வேண்டும், இல்லையென்றால் ஓரத்துக்குள் பாரம் ஏதாவது வைத்துத் தைத்திருக்க வேண்டும். எங்கள் உடுப்பறையில் மெல்லிய ஈயச் சங்கிலியை ஓர மடிப்புக்குள் விட்டுத் தைப்போம். நடிகை நடப்பதைப் பார்ப்பவர் 'என்ன கம்பீரம்' என்பார். கம்பீரத்தில் பாதி அந்தச் சங்கிலி. தபேயா என்ன செய்தார் என்று நான் சத்தியம் பண்ணப் போவதில்லை. ஆனால் அந்த நடையைத் தற்செயல் என்று எந்தத் தையல்காரியும் சொல்லமாட்டாள்.

அப்புறம் அந்தப் பெண் உடுப்பு மாற்றிக்கொண்டே இருக்கிறாள். எங்கள் திரையிடலில் அந்த இடங்களில் சிரிப்புக் கேட்டது. எனக்கு முன்வரிசையில் இருந்த ஒருவர் "இவ எத்தனை உடுப்புக் கொண்டு வந்தவ" என்று கேட்டார். அவர் பகிடியாகத்தான் கேட்டார். படத்தின் நடுக்கேள்வியே அதுதான் என்பது அவருக்குத் தெரிந்திருக்காது. சாக வருகிறவளுக்கு இத்தனை உடுப்பு எதற்கு? திரும்பிப் போக டிக்கெட் இல்லை. ஆனால் ஒவ்வொரு இரவுக்கும் ஒரு கோலம் இருக்கிறது. தான் இல்லாமல் போவதையும் ஊர் பார்க்க வேண்டும் என்று அவள் வந்திருக்கிறாள். இதை அவள் ஒரு சொல்லாலும் சொல்வதில்லை. எல்லாம் துணியில் இருக்கிறது.

நானும் ஒருவழி டிக்கெட்டில் இந்த ஊருக்கு வந்தவள்தான். என் பையில் இரண்டு சட்டையும் அம்மாவின் ஒரு சேலையும் இருந்தன. என் கதையை அவள் கதையோடு ஒப்பிட வரவில்லை; அவள் பணக்காரி, சாக வந்தவள், நான் பிழைக்க வந்தவள். ஆனால் போகிற இடத்தில் யாரும் நம் பாஷையைக் கேட்கப்போவதில்லை என்றால் உடுப்புத்தான் முதலில் வாய் திறக்கும் என்று எனக்கு அப்போதே தெரியும். அகதி விண்ணப்ப அலுவலகத்துக்கு எந்தச் சட்டையோடு போவது என்று ஒரு இரவு முழுக்க யோசித்தவள் நான். கசங்கிப் போனால் பரிதாபம் வருமா, மினுக்கிப் போனால் மரியாதை வருமா? இந்தக் கணக்கைப் போட்டவர்களுக்கு அந்தப் படம் வேறு மாதிரித் தெரியும்.

படத்தில் மூன்று பெண்கள் அவளைப் பின்தொடர்ந்து வருவார்களே, நினைவிருக்கிறதா? சமூகப் பிரச்சினை, துல்லியப் புள்ளிவிவரம், சாதாரணப் புத்தி என்று பெயர்கள். குடியைப் பற்றியும் பெண்களைப் பற்றியும் ஓயாமல் கருத்துச் சொல்வார்கள். உங்கள் கலந்துரையாடலில் அந்தப் பெயர்களைப் பற்றி ஒரு இருபது நிமிடம் கதைத்தீர்கள், நல்லாகத்தான் இருந்தது. அவர்கள் உடுத்தியிருந்த துணியைப் பற்றி யாராவது கதைத்தீர்களா? ஜேர்மன்காரர் அதை 'ஹானென்ட்ரிட்' என்பார்கள். சேவல் மிதித்த தடம் என்று அர்த்தம். கறுப்பும் வெளிறியதுமாக உடைந்த சிறு கட்டங்கள், கிட்டப் போய்ப் பார்த்தால் உண்மையிலேயே கோழி நடந்த முற்றம் மாதிரி இருக்கும். ஒழுங்கான அலுவலகப் பெண்ணின் துணி அது. தைக்கிறவளுக்கோ அது சனியன். இரண்டு துண்டு சேரும் தையலில் கட்டம் கட்டத்தோடு பொருந்தாவிட்டால் தூரத்தில் இருந்தே கண்ணை உறுத்தும். கையைத் தோளில் ஏற்றும் இடத்தில் மூச்சைப் பிடித்துக்கொண்டு ஊசி குத்த வேண்டும். வெட்டும்போது துணியும் கூடுதலாகப் போகும்.

அந்தத் துணியை மூன்று பேருக்கும் ஒரேமாதிரிப் போட்டு நிறுத்தியவுடன் என்ன நடக்கிறது? மூன்று தனி மனுசிகள் மறைந்து ஒரு திணைக்களம் வந்து நிற்கிறது. பக்கத்தில் ஒற்றைப் பெரும் நிறத்தில் அந்தக் குடிகாரி. கணக்குப் பார்க்கிறவர்களின் சிறு கட்டங்களும் கணக்கில் அடங்காதவளின் ஒரே நிறமும். நீங்கள் இருபது நிமிடம் கதைத்த கருத்தைத் துணி ஒரு செக்கனில் சொல்லிவிடுகிறது.

முடிவில் அவள் வெள்ளியாக மினுங்கும் உடுப்போடு கண்ணாடி பதித்த வழியில் நடக்கிறாள். குதி பட்டுக் கண்ணாடி நொறுங்குகிறது. சிவப்பில் வந்தவள் கடைசியில் கண்ணாடியின் நிறத்துக்கே வந்துவிட்டாள். உடுப்பு எது, சுவர் எது என்று பிரிக்க முடியாத இடத்துக்கு. இதற்கும் 'உந்துதலாக இருந்த அழகி' என்ற சொல்லுக்கும் என்ன தொடர்பு?

ஒட்டிங்கரைக் குறைத்துச் சொல்வதாக நினைக்க வேண்டாம். கதை அவருடையது, கமராவுக்குப் பின்னால் நின்றதும் அவர், பேர்லினை அப்படிப் பார்த்த கண்ணும் அவருடையது. 2020 பெப்ரவரியில் பேர்லின் திரைப்பட விழா அவருக்கு 'பெர்லினாலே கமரா' கொடுத்தபோது நானும் சந்தோஷப்பட்டேன். அந்த விழா மார்ச் 1 ஆம் திகதி முடிந்தது. மார்ச் 2 ஆம் திகதி தபேயா இதே நகரத்தில் இறந்தார். வயது 67. அந்தக் கிழமை கொரோனாச் செய்திகளுக்குள் அவருடைய சாவு எங்கே போனது என்றே தெரியவில்லை.

இரண்டு பேரும் கொன்ஸ்டன்ஸ் ஊர்க்காரர். ஒட்டிங்கர் பத்து வயது மூத்தவர். தபேயா பிறந்தது 1952 இல். அந்த ஏரிக்கரை ஊரில் இருந்து 1970களின் தொடக்கத்தில் பேர்லினுக்கு வந்தார்கள். 'லாவோகூன்', 'நீல மாலுமிகள்', கடற்கொள்ளைக்காரி 'மடம் எக்ஸ்' என்று அடுத்தடுத்துப் படங்கள். அவற்றில் எல்லாம் தபேயா இருக்கிறார், நடிகையாகவும், உடுப்புக்குப் பொறுப்பாகவும். 'மடம் எக்ஸ்' படத்தைக் கடலில் எடுக்கவில்லை, தங்கள் ஊர் ஏரியான போடன்சேயில் எடுத்தார்கள். அதில் தபேயா கொள்ளைக் கப்பலின் தலைவி. அந்தக் கப்பலின் முகப்பில் நிற்கும் பெண்சிலையும் அவர்தான். ஒரே முகம் கட்டளை போடுகிறது, ஒரே முகம் மரமாக நிற்கிறது. இரண்டையும் வேறு வேறு ஆளாக எங்களை நம்ப வைப்பது எது? பெரிய காசு இல்லாத படம் அது. நன்னீர் ஏரியைக் கடலாக்க வேண்டும், தோழிகளைக் கொள்ளைக்காரிகளாக்க வேண்டும். காசு இல்லாத படத்தில் உடுப்புத்தான் செட். இது எங்கள் நாடகக்காரருக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஊரில் கூத்துக்கு மரக்கட்டையில் கண்ணாடித் துண்டு ஒட்டி முடி செய்ததைப் பார்த்து வளர்ந்தவர்கள் உங்கள் குழுவிலேயே இருக்கிறார்கள்.

ஒட்டிங்கரை விட்டு வந்த பிறகும் தபேயா சும்மா இருக்கவில்லை. தானே சில படங்கள் இயக்கினார், 1985 இல் வந்த 'சகர்பாட்டா' அதில் ஒன்று. மேற்குப் பேர்லினில் 1980 இல் தொடங்கிய 'டி ட்யோட்லிக டோரிஸ்' என்ற கலகக்கார இசை, கலைக் குழுவோடு சேர்ந்து மேடையேறினார், அவர்களுக்கு உடுப்பும் செய்தார். பிற்காலத்தில் நிறைய வரைந்தார். பச்சை குத்திய பெண்கள், மாலுமிகள், கண்ணைப் பறிக்கும் சட்டைகள். 2022 இல் பேர்லினிஷ கலரியில் அவருக்கென்று ஒரு கண்காட்சி வைத்தார்கள். ஒட்டிங்கர் எடுத்த பழைய புகைப்படங்களும் அதில் இருந்தன. நான் வேலை இல்லாத ஒரு நாளில் போய் இரண்டரை மணித்தியாலம் நின்றேன். வரைந்த பெண்களின் உடுப்பில் தையல் எங்கே வரும் என்று தெரிந்த கை வரைந்தது என்று எனக்குப் பட்டது. வெறும் ஓவியர் துணியை நிறமாக வரைவார். இவர் வெட்டக்கூடிய துணியாக வரைந்திருந்தார். பேர்லினின் ஒரு பெரிய அருங்காட்சியகத்துக்கு இந்த மனுசியின் வேலை தெரிகிறது. நம்முடைய 48 பக்கத்துக்கு ஏன் தெரியவில்லை?

ஹைஸ்மித் விஷயத்துக்கு வருகிறேன். 1978 இல் அவர் பேர்லின் திரைப்பட விழாவின் நடுவர் குழுத் தலைவராக வந்திருந்தார், அந்த வருடம் இருவருக்கும் நெருக்கம் இருந்தது, எல்லாம் உண்மை. தபேயாவுக்கு அப்போது 25 வயது. மறைக்க வேண்டிய விஷயமில்லை, வெட்கப்பட வேண்டியதும் இல்லை. இரண்டு பெண்களின் காதலைத் தமிழில் கூசாமல் அச்சிடுகிறீர்கள், அதற்கு உங்களைப் பாராட்டத்தான் வேண்டும். ஆனால் ஒரு வரிதான் இருக்கிறது என்றால், அந்த ஒரு வரியில் எதை வைப்பது? சில மாத நெருக்கத்தையா, பத்து வருட வேலையையா? ஒரு ஆண் கலை இயக்குநரைப் பற்றி எழுதும்போது அவர் யாரைக் காதலித்தார் என்று தொடங்குவீர்களா? தொடங்கமாட்டீர்கள். அவர் கட்டிய செட்டில் இருந்து தொடங்குவீர்கள்.

'உந்துதல்' என்ற சொல்லைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 'மூஸ' என்ற ஜேர்மன் சொல்லுக்குத் தமிழ் தேடியிருக்கிறீர்கள், விளங்குகிறது. ஆனால் உந்துதல் என்பவள் சும்மா இருந்தால் போதும். சாய்ந்திருப்பாள், புகைப்பாள், மற்றவருக்கு யோசனை வரும். வேலை செய்கிறவள் சாய்ந்திருக்க முடியாது. அளவு நாடா கழுத்தில் தொங்கும், விரல் நுனி ஊசி குத்திக் காய்த்திருக்கும், கமக்கட்டில் வேர்வை ஊறிய சட்டையை இரவே அலசிக் காலைக்குள் உலர்த்த வேண்டும். தானே நடிக்கவும் வேண்டுமென்றால் அந்தச் சட்டைக்குள் தானே போய் நிற்கவும் வேண்டும். பொருந்தாவிட்டால் பழிபோட இன்னொருத்தி இல்லை.

இது எனக்கு ஏன் இவ்வளவு சுடுகிறது என்பதற்கு ஒரு கதை சொல்கிறேன். நான் வேலை செய்த இடத்தில் ஒரு நாடகத்தில் நடிகை ஒருவர் ஒவ்வொரு இரவும் பதினொரு படிகளில் உருண்டு விழ வேண்டும். பட்டுச் சட்டை. முதல் ஒத்திகையில் இடுப்பில் நீலம் பாரித்துவிட்டது. நான் அந்தச் சட்டையைப் பிரித்து, உள்துணிக்கும் பட்டுக்கும் நடுவில் மெல்லிய பஞ்சுத் தாளை இடுப்பிலும் முழங்கையிலும் மட்டும் வைத்து, வெளியே தெரியாமல் திரும்பத் தைத்தேன். தடித்துத் தெரியக்கூடாது என்று நாலு தரம் பிரித்தேன். பத்திரிகையில் விமர்சனம் வந்தது: அவர் இறகு மாதிரி விழுகிறார், உடலே இல்லாதவர் போல. நடிகை அந்தத் துண்டை வெட்டிக்கொண்டு உடுப்பறைக்கு வந்து என் கையில் தந்தார். "இது உனக்குரியது" என்றார். அந்த நாடகத்தின் நிகழ்ச்சித் தாளில் உடுப்பறையில் இருந்த எங்கள் ஐந்து பேரில் ஒருவருடைய பெயரும் இல்லை. கேட்டபோது இடம் போதவில்லை என்றார்கள். அதே தாளில் பியர் விளம்பரம் அரைப் பக்கம்.

'இடமில்லை' என்று நீங்கள் எழுதியதை வாசித்தபோது அந்தப் பியர்ப் போத்தல்தான் எனக்கு முன்னால் வந்து நின்றது.

தபேயாவோடு இது முடியவில்லை, கையேடு முழுக்க இருக்கிறது. 14 ஆம் பக்கத்தில் 'மெட்ரொபொலிஸ்' வருகிறது. 1927 படம், அதன் இயந்திரப் பெண்ணைப் பற்றி ஒரு பந்தி எழுதியிருக்கிறீர்கள். அந்த உலோகத் தோலைச் செய்தவர் சிற்பி வால்டர் ஷுல்ட்ச மிட்டன்டோர்ஃப் என்று பெயரோடு சொல்லியிருக்கிறீர்கள். நல்லது. படத்தின் மற்ற உடுப்புகளைச் செய்த ஏன்னே வில்கொம் என்ற பெண்ணின் பெயர் இல்லை. ஆண் செய்தால் சிற்பம், பெண் செய்தால் உடுப்பு, அப்படித்தானே? 31 ஆம் பக்கத்தில் நடிகை ஹன்னா ஷிகுல்லா 'மரியா பிரவுண்' படத்தில் நிற்கும் ஒரு அழகான படம். போருக்குப் பிந்திய வறுமையில் இருந்து பணம் ஏறும் வரைக்கும் அந்தப் பாத்திரத்தின் சட்டைகள் மாறிக்கொண்டு போவதை நீங்களே ஒரு வரியில் வியந்திருக்கிறீர்கள். அதைச் செய்த பார்பரா பௌமின் பெயர் எங்கே? அதன் இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் எத்தனையோ படங்களுக்கு உடுப்புச் செய்தவர். 2015 இல் ஜேர்மன் திரைப்பட விருது அவருக்குக் கௌரவ விருது கொடுத்தது. ஜேர்மன்காரரே கௌரவித்த ஆளை நாங்கள் பெண்களைப் பற்றிய கையேட்டில் இருந்து விட்டுவிட்டோம்.

உங்களில் ஒருவர் நேரில் சொன்ன நியாயத்தையும் மறக்கவில்லை. நம்முடைய பிள்ளைகள் சினிமா என்றாலே உடுப்பு, நகை, பாட்டு என்று நினைக்கிறார்கள், அதில் இருந்து அவர்களை வெளியே கொண்டுவரத்தான் இந்தக் கையேடு, திரும்ப உடுப்பைப் பற்றி எழுதினால் எப்படி என்று கேட்டீர்கள். அந்தக் கவலை நியாயமானதுதான். ஆனால் மருந்து பிழை. உடுப்பை வாய்பிளந்து பார்க்கிற பிள்ளைக்கு உடுப்பை வாசிக்கச் சொல்லிக்கொடுங்கள். ஏன் சிவப்பு, ஏன் இந்தக் கட்டம், யார் வெட்டினார், எவ்வளவு காசில் வெட்டினார் என்று கேட்கப் பழக்குங்கள். உங்கள் திரையிடலுக்கு வரும் பெண் பிள்ளைகளில் மூன்று பேர் தையலும் வடிவமைப்பும் படிக்கிறார்கள் என்பது உங்களுக்குத் தெரியுமா? அதில் ஒருத்தி அன்றைக்குப் படம் முடிந்து வெளியே வந்து, "அன்ரி, அந்தச் சிவப்புச் சட்டையைச் செய்தது யார்?" என்று என்னிடம்தான் கேட்டாள். நடித்தவரே செய்தார் என்றேன். அவள் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். 'புளூம' என்றால் பூ, 'ஷைன்' என்றால் ஒளி, பெயரே பூவொளி என்று சொன்னபோது கைத்தொலைபேசியில் எழுதி வைத்துக்கொண்டாள். உங்கள் கையேட்டை வாங்கி வீட்டுக்குப் போய் அவள் அந்தப் பெயரைத் தேடினால் கிடைக்கப்போவது மூன்றாம் பக்கத்து நாலாவது வரி.

ஆகவே கேட்கிறேன்.

முதலில், அந்த வரியை மாற்றுங்கள். என்ன போடுவது என்று யோசிக்க நேரமில்லை என்றால் இதை அப்படியே போடலாம்: 'தபேயா புளூமென்ஷைன் (1952–2020), நடிகை, திரைப்பட உடுப்பு வடிவமைப்பாளர், ஓவியர், உல்ரிக்கே ஒட்டிங்கரின் 1970களின் படங்களில் நடித்து அவற்றுக்கு உடுப்பும் அமைத்தவர், தானும் படங்கள் இயக்கியவர்.' ஹைஸ்மித் அதற்குப் பிறகு வரட்டும், எனக்கு ஆட்சேபணை இல்லை. அழகி என்ற சொல் வேண்டாம்.

அவருக்கு இரண்டு பக்கம் வேண்டும். பக்கம் கூடினால் காசு கூடும் என்று சொல்வீர்கள். 22, 23 ஆம் பக்கங்களில் போன வருடத் திரையிடல்களின் குழுப்படங்கள் இருக்கின்றன. அவற்றில் நானும் நிற்கிறேன். என்னையும் சேர்த்து எடுத்துவிடுங்கள், இடம் வரும். எழுத ஆள் இல்லை என்றால் நான் எழுதித் தருகிறேன், என் தமிழைத் திருத்த ஒருவரை மட்டும் ஒழுங்கு பண்ணுங்கள். ஏன்னே வில்கொம், பார்பரா பௌம் இருவரின் பெயரும் அந்தந்தப் படம் வரும் பக்கத்திலேயே வர வேண்டும். இதற்குப் புதுப் பக்கம் தேவையில்லை, ஆளுக்கு அரை வரி போதும்.

இனிமேல் நீங்கள் காட்டும் எந்தப் படத்திலும் எழுத்துக்குறிப்பைத் தமிழாக்கினால் முழுதாகத் தமிழாக்குங்கள். உடுப்பு, ஒப்பனை, தலைமுடி எல்லாம். ஒன்றும் தமிழாக்க மாட்டோம் என்றால் அதுவும் சரி. பாதியை மட்டும் எடுப்பதைத்தான் ஏற்க மாட்டேன்.

'மடம் எக்ஸ்' படத்தை வரும் ஆறு மாதத்துக்குள் காட்டுங்கள். நீளம் கூட, இரண்டு மணித்தியாலத்துக்கு மேல் ஓடும். இடைவேளை விட்டுக் காட்டலாம், தேத்தண்ணி என் பொறுப்பு. அன்றைக்குக் கலந்துரையாடலை ஒரு விமர்சகரோடு மட்டும் நடத்தாமல், தைக்கிற ஆள் ஒருவரையும் பக்கத்தில் இருத்துங்கள். நான்தான் இருக்க வேண்டும் என்றில்லை. தையல் படிக்கும் அந்த மூன்று பிள்ளைகளில் ஒருத்தியைக் கேளுங்கள்.

கையேடு இம்மாதம் 28 ஆம் திகதி அச்சுக்குப் போவதாக எழுதியிருந்தீர்கள். அதற்கு முந்திய சனிக்கிழமைக் கூட்டத்தில் இந்த மடலை எடுத்து, ஆம் அல்லது இல்லை என்று எழுத்தில் பதில் தாருங்கள். இல்லை என்றால், கையேட்டுக்கு நன்கொடை தந்தவர்களின் பட்டியலில் இருக்கும் என் பெயரை எடுத்துவிடுங்கள். காசைத் திருப்பித் தர வேண்டாம்.

இப்படிக்கு,
கடைசி வரிசையில், கதவுக்குப் பக்கத்துக் கதிரையில் இருக்கும் தையல்காரி அக்கா